எண்ணெய் மிஞ்சாமல் பொரிப்போம்

இந்த மாதப் பாடம்: சமையல் எண்ணெய் – வாங்குவது, காய்ச்சுவது, மிச்சம் வைப்பது



சேமிப்பு, கடன், வட்டி என்று நிறையப் பேசிவிட்டோம். இந்த மாதம் நம் அடுப்படிக்குள்ளே போய் ஒரு பாடம் படிப்போம். எண்ணெய் விற்கிற விலையில் ஒரு கரண்டி எண்ணெயைக்கூட வீணாக்க யாருக்கும் மனசு வராது. அதனால் தான் பஜ்ஜி சுட்ட எண்ணெயை வடிகட்டி எடுத்து வைக்கிறோம். அதிலேயே மறுநாள் அப்பளம், ஞாயிற்றுக்கிழமை மீன். எண்ணெய் கறுத்துப் போனாலும், "காசு குடுத்து வாங்கினது, எப்படிம்மா கீழே ஊத்துறது?" என்று கேட்கிறோம். கேள்வி நியாயமானது தான்.

எண்ணெயைக் கீழே கொட்டச் சொல்லி இந்தப் பாடம் எழுதவில்லை. மிஞ்சாத அளவுக்கு ஊற்றுவது எப்படி என்பது தான் பாடம். மிஞ்சினால் தானே மறுபடி காய்ச்சுவோம்? மறுபடி மறுபடி காய்ச்சினால் தானே கெடுதல்? மிஞ்சாமல் பொரிக்கத் தெரிந்தால் காசும் மிச்சம், உடம்புக்கும் நல்லது.

உங்கள் குழுவின் உள்கடன் பதிவேட்டை ஒருமுறை புரட்டிப் பாருங்கள். மருத்துவச் செலவுக்கு என்று எத்தனை பேர் கடன் எடுத்திருக்கிறார்கள்? 2021-இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீட்டுக்கே வந்து இரத்த அழுத்தமும் சர்க்கரையும் பார்க்கிறார்கள். நம் ஊரில் எத்தனை பேர் மாத்திரை சாப்பிடுகிறோம் என்று நமக்கே தெரியும். எல்லாவற்றுக்கும் எண்ணெய் தான் காரணம் என்று சொல்ல வரவில்லை. ஆனால் நம் கையில் இருக்கிற ஒரு காரணம் அது. நாளைக்கே மாற்றிக்கொள்ளலாம்.

1. காய்கிற எண்ணெய்க்குள் என்ன நடக்கிறது?

தண்ணீர் 100 டிகிரி சூட்டில் கொதிக்கும். எண்ணெய் அப்படி இல்லை. 160 முதல் 180 டிகிரி வரை சூடானாலும் சத்தம் போடாமல் இருக்கும். வடை, பூரி, பஜ்ஜி பொரிய இந்தச் சூடு போதும்.

மாவை எண்ணெயில் போட்டதும் சடசடவென்று குமிழி வருகிறதே, அது எண்ணெய் கொதிப்பது அல்ல. மாவில் உள்ள தண்ணீர் ஆவியாகி வெளியே வருகிறது. ஆவி வெளியே தள்ளிக்கொண்டு வருவதால் எண்ணெய் உள்ளே அவ்வளவாகப் போக முடிவதில்லை. சரியான சூட்டில் பொரித்த வடை எண்ணெய் குடிக்காததன் காரணம் இது தான். எண்ணெய் காய்வதற்கு முன்பே மாவைப் போட்டால் ஆவி வேகமாக வராது, எண்ணெய் உள்ளே புகுந்துவிடும். பிழிந்தால் சொட்டுகிற வடை அப்படி வருவது தான்.

எண்ணெய்க்கு மூன்று எதிரிகள்.

சூடு: அதிக நேரம் காய்ந்தால் எண்ணெய் கெட்டியாகிறது. வாணலி ஓரத்தில் தேய்த்தாலும் போகாத பிசுக்கு படிகிறதே, அது கெட்டியான எண்ணெய் தான்.

காற்று: சூடான எண்ணெயில் காற்று படப்பட அது சிக்கு வாடை அடிக்க ஆரம்பிக்கும். அகலமான சட்டியில் காற்று அதிகம் படும். அதனால் எண்ணெய் சீக்கிரம் கெடும்.

தண்ணீர்: ஈரமான காய், ஈரக் கரண்டி, கழுவி வடியாத மீன் இவற்றில் உள்ள தண்ணீர் எண்ணெயைப் பிரித்துவிடுகிறது. அப்படிப் பிரிந்த எண்ணெய் அடுத்த முறை குறைந்த சூட்டிலேயே புகைய ஆரம்பிக்கும்.

ஒருமுறை பொரித்தாலே இந்த மூன்றும் கொஞ்சம் கொஞ்சம் நடக்கும். ஆறவைத்து மறுபடி காய்ச்சும்போது இன்னும் வேகமாக நடக்கும்.

இப்படிக் கெட்ட எண்ணெயை அளந்து பார்க்கவும் முறை இருக்கிறது. எண்ணெய் கெடும்போது உண்டாகும் பொருள்கள் நூற்றுக்கு 25 பங்கைத் தாண்டினால் அந்த எண்ணெயைச் சமையலுக்குப் பயன்படுத்தக் கூடாது. இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையம் கொண்டுவந்த இந்த விதி 2018 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. இந்தப் பொருள்களுக்கும் இரத்த அழுத்தம், இரத்தக் குழாய் தடித்துப் போவது, ஈரல் நோய் ஆகியவற்றுக்கும் தொடர்பு இருப்பதாக ஆணையம் சொல்கிறது. ஓட்டல்களில் இதை அளக்கக் கருவி உண்டு. நம் வீட்டில் கண்ணும் மூக்கும் தான் கருவி.

2. புகை வந்தால் எச்சரிக்கை

நம்மில் பலருக்கு ஒரு பழக்கம். எண்ணெய் நன்றாகக் காய்ந்ததா என்று பார்க்கப் புகை வரும்வரை காத்திருப்போம். புகை வந்தால் சரியான பதம் என்று நினைக்கிறோம். உண்மையில் அது பதம் தாண்டியதற்கு அடையாளம். அந்தப் புகையில் அக்ரோலின் என்ற பொருள் இருக்கிறது. கண்ணைக் கரிக்க வைப்பதும், தொண்டையைக் கமறச் செய்வதும் அது தான். ஜன்னல் இல்லாத அடுப்படியில் விறகுப் புகையோடு இதுவும் சேர்ந்தால் நம் நெஞ்சு என்னாவது? பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைக்கும் அதே புகை தான்.

ஒவ்வொரு எண்ணெய்க்கும் புகைகிற சூடு வேறு. ரீபைண்டு எண்ணெய்கள் பொதுவாக 220 டிகிரியைத் தாண்டித் தான் புகையும். செக்கில் ஆட்டிய எண்ணெய்கள் சுமார் 160 முதல் 180 டிகிரியிலேயே புகைய ஆரம்பித்துவிடும். அதனால் செக்கு எண்ணெய் மட்டம் என்று அர்த்தமில்லை. அதில் பொரிக்கும்போது தீயை மிதமாக வைக்க வேண்டும், அவ்வளவு தான்.

பதம் பார்க்க எளிய வழி: மிளகளவு மாவைக் கிள்ளிப் போடுங்கள்.

– அடியிலேயே கிடந்தால் இன்னும் காயவில்லை.
– அடிக்குப் போய், குமிழியோடு உடனே மேலே வந்தால் சரியான பதம்.
– போட்டவுடன் கறுத்தால் சூடு அதிகம். தீயைக் குறையுங்கள். விறகு அடுப்பு என்றால் ஒரு கட்டையை வெளியே இழுங்கள்.

ஒரே நேரத்தில் சட்டி நிறைய வடையைப் போடாதீர்கள். எண்ணெயின் சூடு சட்டென்று இறங்கி, எல்லா வடையும் எண்ணெய் குடிக்கும். நான்கு நான்காகப் போட்டால் நேரம் கொஞ்சம் கூடும், எண்ணெய் குறையும்.

3. எந்த எண்ணெய் வாங்கலாம்?

"எது சார் நல்ல எண்ணெய்?" என்று கடையில் கேட்டால் எது அவருக்கு லாபமோ அதைச் சொல்வார். நாமே தெரிந்துகொள்வோம்.

கடலை எண்ணெய்: பொரிக்க ஏற்றது. முறுக்கு, பஜ்ஜி, வடைக்கு நம் ஊர் ருசி இதில் தான். செக்கு எண்ணெய் என்றால் மிதமான தீ.

நல்லெண்ணெய்: தோசை, புளிக்குழம்பு, பொடி, ஊறுகாய்க்கு நல்லது. எள்ளில் எண்ணெயைச் சீக்கிரம் சிக்கடிக்க விடாத பொருள்கள் இயற்கையாகவே இருக்கின்றன. ஆனால் விலை அதிகம். சட்டி நிறைய ஊற்றிப் பொரிக்க இதை வீணாக்க வேண்டாம்.

தேங்காய் எண்ணெய்: சூட்டைத் தாங்கும், சீக்கிரம் சிக்கடிக்காது. ஆனால் இதில் உறைகிற கொழுப்பு மிக அதிகம். தினமும் எல்லாவற்றுக்கும் இதையே ஊற்ற வேண்டாம். இதய நோய் உள்ளவர்கள் மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

பாமாயில்: 2007-இல் தொடங்கிய சிறப்புப் பொது விநியோகத் திட்டத்தின் மூலம் நம் வீடுகளுக்கு நன்கு பழக்கமான எண்ணெய். பொரிப்பதில் சூட்டை நன்றாகத் தாங்கும். இதிலும் ஏறக்குறைய பாதி உறைகிற கொழுப்பு. குளிர் காலத்தில் உறைந்து மங்கலாவது இயற்கை, கலப்படம் இல்லை. பொரிக்க இதை வைத்துக்கொண்டு, தாளிக்கவும் தோசைக்கும் வேறு எண்ணெய் பயன்படுத்தினால் இரண்டும் சமமாகும்.

சூரியகாந்தி எண்ணெய்: தாளிக்க, பொரியல் செய்ய நல்லது. ஒருமுறை பொரிக்கவும் செய்யலாம். ஆனால் மறுபடி மறுபடி காய்ச்சினால் கடலை எண்ணெயை விட, பாமாயிலை விடச் சீக்கிரம் கெடும்.

தவிட்டு எண்ணெய்: அரிசித் தவிட்டில் எடுப்பது. சூட்டை நன்றாகத் தாங்கும். பொரிக்க ஏற்றது.

வனஸ்பதி: நாம் டால்டா என்று சொல்வது. எண்ணெயைக் கெட்டியாக்கிச் செய்வது. அப்படிக் கெட்டியாக்கும்போது உண்டாகும் டிரான்ஸ் கொழுப்பு இதயத்துக்கு மிகக் கெடுதல். அதனால் 2022 ஜனவரி முதல் எண்ணெயிலும் வனஸ்பதியிலும் டிரான்ஸ் கொழுப்பு நூற்றுக்கு 2 பங்குக்கு மேல் இருக்கக் கூடாது என்று சட்டம் இருக்கிறது. வீட்டுப் பலகாரத்துக்கு இது தேவையே இல்லை.

ஆக, "ஒரே எண்ணெய், அதுவே எல்லாவற்றுக்கும்" என்பதை விட்டு, வீட்டில் இரண்டு எண்ணெய் வைத்துக்கொள்வது நல்லது. பொரிக்க ஒன்று, தாளிக்க ஒன்று.

4. பாக்கெட்டில் பார்க்க வேண்டியவை

படிக்கத் தெரிந்த மகளையோ மகனையோ பக்கத்தில் வைத்துக்கொண்டு பாருங்கள்.

அளவு: ஒரு லிட்டர் எண்ணெய் சுமார் 910 கிராம் இருக்கும். பார்க்க ஒரு லிட்டர் பாக்கெட் போலவே இருந்து, அளவு குறைவாக உள்ள பாக்கெட்டுகளும் விற்கின்றன. விலையை மட்டும் பார்த்து "அஞ்சு ரூபாய் கம்மி" என்று வாங்கிவிடக் கூடாது. எத்தனை கிராம், எத்தனை மில்லி என்று பார்த்து விலையைக் கணக்குப் போடுங்கள். கடன் வட்டியைக் கணக்குப் போடுகிற நமக்கு இது பெரிய வேலையா என்ன?

தேதியும் எண்ணும்: தயாரித்த தேதி, எதுவரை பயன்படுத்தலாம் என்ற தேதி, உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 14 இலக்க உரிம எண் ஆகியவை இருக்க வேண்டும்.

கூட்டல் குறியும் எஃப் எழுத்தும்: நீல நிறத்தில் இந்தக் குறி இருந்தால் வைட்டமின் ஏ, டி சேர்த்த எண்ணெய். கண்ணுக்கும் எலும்புக்கும் நல்லது. ஆனால் மறுபடி மறுபடி காய்ச்சினால் வைட்டமின் ஏ அழிந்து போகும்.

"கொலஸ்டிரால் இல்லை": இதைப் பெரிய எழுத்தில் போட்டிருப்பார்கள். செடி, மரம், விதையில் எடுக்கிற எண்ணெயில் பேர் சொல்லும்படி கொலஸ்டிரால் இருப்பதே இல்லை. இதற்காகக் கூடுதல் காசு கொடுக்க வேண்டாம்.

சில்லறையில் அளந்து விற்கும் எண்ணெய் வேண்டாம். 1998-இல் டில்லியில் நடந்ததைக் கேளுங்கள். கடுகு எண்ணெயில் பிரம்மதண்டு விதை எண்ணெய் கலந்துவிட்டது. நம் ஊர் தரிசு நிலத்திலும் முள்ளோடு மஞ்சள் பூப் பூக்குமே, அதே செடி தான். அதன் விதை பார்க்கக் கடுகு போலவே இருக்கும். அந்த எண்ணெயைச் சாப்பிட்டவர்களுக்குக் கால் வீங்கி, மூச்சுத் திணறி, 60 பேருக்கு மேல் இறந்து போனார்கள். 2011-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு விதிகளும் சமையல் எண்ணெயைச் சில்லறையாக விற்பதைக் கட்டுப்படுத்துகின்றன.

நிலக்கடலை விளைகிற ஊரில் இருக்கும் குழுக்கள் சேர்ந்து கடலை வாங்கி, உடைத்து, பக்கத்துச் செக்கில் ஆட்டிப் பிரித்துக்கொள்ளலாம். சுமார் இரண்டரை கிலோ பருப்புக்கு ஒரு லிட்டர் எண்ணெய் கிடைக்கும். புண்ணாக்கு மாட்டுக்கு ஆகும். பூஞ்சை பிடித்த பருப்பு, கறுத்துச் சுருங்கிய பருப்பு ஒன்றுகூடப் போகாமல் பொறுக்கிவிடுங்கள், அதில் நஞ்சு இருக்கும். ஆட்டிய எண்ணெயை இரண்டு மூன்று நாள் அசையாமல் வைத்து, மண்டி தங்கியதும் மேலே தெளிந்ததை மட்டும் எடுங்கள். மண்டியோடு காய்ச்சினால் அது கருகி எண்ணெயைக் கெடுக்கும்.

5. மிஞ்சாமல் பொரிப்பது எப்படி?

முதலில் ஒரு கணக்கு. எண்ணெய் லிட்டர் 200 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். வீட்டுக்கு 20 வடை சுட வேண்டும். வடை குடிக்கிற எண்ணெய் சுமார் 100 மில்லி என்று வைப்போம்.

அகலமான பெரிய வாணலி: ஊற்றுவது 1 லிட்டர். செலவானது 100 மில்லி. மிஞ்சியது 900 மில்லி, அதாவது 180 ரூபாய் எண்ணெய்.

குழிவான சின்னச் சட்டி: ஊற்றுவது 300 மில்லி. செலவானது அதே 100 மில்லி. மிஞ்சியது 200 மில்லி, அதாவது 40 ரூபாய் எண்ணெய்.

180 ரூபாய் எண்ணெயைக் கையில் வைத்துக்கொண்டு கெட்டுவிட்டது என்று யாராலும் கொட்ட முடியாது. வாரம் முழுக்க அதையே தான் காய்ச்சுவோம். 200 மில்லி மிஞ்சினால் மறுநாள் குழம்பிலும் பொரியலிலும் தாளித்தே தீர்த்துவிடலாம். ஆக, மாற்ற வேண்டியது முதலில் சட்டியை.

இனி வழிமுறைகள்:

(1) அடி குறுகிய, குழிவான சின்ன இரும்புச் சட்டி ஒன்று வைத்துக்கொள்ளுங்கள். பாதிச் சட்டிக்கு மேல் எண்ணெய் ஊற்றாதீர்கள். பித்தளை, செம்புப் பாத்திரத்தில் பொரிக்காதீர்கள், அதில் எண்ணெய் வேகமாகக் கெடும்.

(2) எண்ணெயைப் பாக்கெட்டில் இருந்து நேராகச் சாய்க்காமல் டம்ளரில் அளந்து ஊற்றுங்கள். குறைந்தால் நடுவில் கொஞ்சம் சேர்த்துக்கொள்ளலாம்.

(3) காய், மீன் எதுவானாலும் ஈரத்தைத் துணியால் ஒற்றி எடுத்த பிறகு போடுங்கள்.

(4) உப்பை எண்ணெயில் தூவாதீர்கள். வறுவலுக்கு உப்பு, மிளகாய்த்தூளைப் பொரித்து எடுத்த பிறகு போட்டுக் குலுக்குங்கள். உப்பும் தூளும் எண்ணெயைச் சீக்கிரம் கறுக்கச் செய்யும்.

(5) உதிர்ந்த தூளைச் சல்லிக் கரண்டியால் ஒவ்வொரு ஈட்டுக்கும் எடுத்துவிடுங்கள்.

(6) ஒரே நாளில் பல பலகாரம் என்றால் வரிசை முக்கியம். வடகம், பூரி முதலில். வடை, பஜ்ஜி அடுத்து. மசாலா தடவிய மீன், கறி கடைசியில். மீன், கறி பொரித்த எண்ணெயை எடுத்து வைக்க வேண்டாம்.

(7) எல்லாவற்றுக்கும் சட்டி எண்ணெய் தேவையில்லை. மீனைத் தோசைக்கல்லில் இரண்டு மூன்று கரண்டி எண்ணெயில் வறுக்கலாம். வடை மாவைப் பணியாரச் சட்டியில் ஊற்றி எடுக்கலாம். பிள்ளைகள் வேண்டாம் என்று சொல்வதில்லை.

(8) தீபாவளிக்கு ஒவ்வொரு வீட்டிலும் தனித்தனியாகச் சட்டி வைக்காமல் மூன்று வீட்டு முறுக்கை ஒரே நாளில் ஒரே சட்டியில் சேர்ந்து சுடலாம். மூன்று வீட்டில் மிஞ்சுவதற்குப் பதில் ஒரு வீட்டில் தான் மிஞ்சும். குழுவாக இருப்பதில் இதுவும் ஒரு லாபம்.

6. மிஞ்சியதை என்ன செய்வது?

உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் அறிவுரை இது: பொரித்த எண்ணெயை மறுபடி பொரிக்கப் பயன்படுத்தாதீர்கள். ஆறியதும் வடிகட்டி, ஓரிரு நாளுக்குள் குழம்பு, பொரியல் தாளிக்கப் பயன்படுத்திவிடுங்கள்.

எண்ணெய் ஆறிய பிறகு மெல்லிய துணியில் வடிகட்டி, மூடியுள்ள எவர்சில்வர் தூக்கில் ஊற்றி, அடுப்பை விட்டுத் தள்ளி இருட்டான இடத்தில் வையுங்கள். புது எண்ணெய் டப்பாவில் இதைக் கலக்கக் கூடாது. பழையது புதியதையும் சேர்த்துக் கெடுக்கும்.

கீழே உள்ள அடையாளம் எது இருந்தாலும் அந்த எண்ணெயைச் சமையலுக்குப் பயன்படுத்தாதீர்கள்:

– நிறம் கறுத்துவிட்டது.
– கெட்டியாக, பிசுபிசுப்பாக இருக்கிறது.
– காய்ச்சும்போது சின்னச் சின்ன நுரை பொங்கி, அடங்காமல் நிற்கிறது.
– முன்பை விடச் சீக்கிரம் புகைகிறது.
– சிக்கு வாடை அடிக்கிறது.

கெட்ட எண்ணெயைச் சாக்கடையிலோ கிணற்று ஓரத்திலோ ஊற்ற வேண்டாம். கொஞ்சமாக இருந்தால் பழைய காகிதத்திலோ சாம்பலிலோ ஊற வைத்துக் குப்பையோடு போடலாம்.

7. பலகாரத் தொழில் செய்யும் சகோதரிகளுக்கு

நம் கூட்டமைப்பில் முறுக்கு, மிக்சர், பஜ்ஜிக் கடை என்று கடன் வாங்கித் தொழில் நடத்துகிறவர்கள் இருக்கிறீர்கள். வீட்டில் தவறு செய்தால் நான்கு பேருக்குக் கெடுதல். கடையில் செய்தால் ஊருக்கே கெடுதல், தொழிலும் போகும். சிக்கு வாடை அடிக்கும் முறுக்கை ஒருமுறை வாங்கியவர் மறுமுறை வர மாட்டார்.

பெரிய ஓட்டல்களில் பொரித்து மிஞ்சிய எண்ணெய் மலிவு விலைக்குக் கிடைக்கிறது என்று யாராவது சொன்னால் வாங்காதீர்கள். வடிகட்டித் தெளியவைத்துக் கொடுத்தாலும் உள்ளே கெட்டது கெட்டது தான். ஓட்டல் கழித்த எண்ணெய் நம் கடைக்கு எதற்கு?

2018-இல் உணவுப் பாதுகாப்பு ஆணையம் ரூகோ என்ற திட்டத்தைத் தொடங்கியது. பயன்படுத்திய எண்ணெயைச் சேகரித்து, வண்டிக்கு ஊற்றும் பயோடீசலாக மாற்றுகிற திட்டம். ஒரு நாளைக்கு 50 லிட்டருக்கு மேல் எண்ணெய் பயன்படுத்தும் நிறுவனங்கள் கணக்கு வைத்து, அனுமதி பெற்ற சேகரிப்பாளர்களிடம் தான் கழிவு எண்ணெயைக் கொடுக்க வேண்டும். நம் தொழில் அவ்வளவு பெரியது இல்லை. ஆனால் ஒரு ஊரில் நான்கைந்து பேர் பலகாரம் போட்டால், கழிவு எண்ணெயை ஒரே கேனில் சேர்த்து அப்படிப்பட்டவர்களிடம் விற்க முடியுமா என்று மாவட்ட உணவுப் பாதுகாப்பு அலுவலகத்தில் கேட்கலாம். கொட்டுகிற எண்ணெய்க்கும் ஒரு விலை கிடைக்கும். கழிக்கும் எண்ணெயின் செலவையும் சேர்த்துத் தான் பலகாரத்துக்கு விலை வைக்க வேண்டும். அது நஷ்டம் இல்லை, தொழில் செலவு.

8. தீயும் கொதி எண்ணெயும்

பொரிக்கும்போது முந்தானையை இழுத்துச் செருகிக்கொள்ளுங்கள். நைலான், பாலியெஸ்டர் சேலை வேண்டாம், பருத்தி நல்லது. சட்டியை அடுப்பில் வைத்துவிட்டு வாசலுக்குப் போகாதீர்கள். பிள்ளைகள் கைக்கு எட்டும் உயரத்தில் காம்பு நீட்டிய வாணலி இருக்கக் கூடாது.

எண்ணெயில் தீப்பிடித்தால்:

– தண்ணீர் ஊற்றவே கூடாது. தண்ணீர் எண்ணெய்க்கு அடியில் போய், நொடியில் ஆவியாகி, எரிகிற எண்ணெயை நம் மேல் வாரி அடிக்கும்.
– முடிந்தால் கேஸை அணையுங்கள், அல்லது விறகை இழுங்கள்.
– பெரிய தட்டாலோ மூடியாலோ சட்டியை மூடுங்கள். காற்று இல்லாமல் தீ அணையும். முழுவதும் ஆறும்வரை திறக்காதீர்கள்.
– எரிகிற சட்டியைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓடாதீர்கள்.

எண்ணெய் மேலே பட்டால் உடனே வளையல், மோதிரத்தைக் கழற்றிவிட்டு, 20 நிமிடம் சாதாரணத் தண்ணீரை ஊற்றிக்கொண்டே இருங்கள். இங்க், பற்பசை, மாவு, மஞ்சள் எதுவும் தடவ வேண்டாம். கொப்புளத்தை உடைக்க வேண்டாம். சுத்தமான துணியால் தளர்வாக மூடி ஆஸ்பத்திரிக்குப் போங்கள். முகம், கண், பெரிய காயம், சின்னப் பிள்ளை என்றால் யோசிக்காமல் 108-க்குப் போன் செய்யுங்கள்.

9. சகோதரிகள் கேட்கும் கேள்விகள்

"எங்க பாட்டி காலத்தில இதெல்லாம் பாக்கலையே, நல்லாத்தானே இருந்தாங்க?"
அவர்கள் பலகாரம் சுட்டது தீபாவளி, பொங்கல், கல்யாணத்துக்கு. நாம் வாரத்தில் மூன்று நாள் பொரிக்கிறோம். அது போக டீக்கடை வடை வேறு.

"ஒரு ஆளுக்கு மாசம் எவ்வளவு எண்ணெய் சரி?"
ஐதராபாத்தில் உள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனத்தின் கணக்குப்படி, உட்கார்ந்து வேலை செய்யும் பெண்ணுக்கு நாளைக்கு 20 கிராம், வயலில் கடினமாக உழைக்கும் பெண்ணுக்கு 30 கிராம். அதாவது மாதம் 600 முதல் 900 கிராம். தாளிப்பு, தோசை, பலகாரம் எல்லாம் இதற்குள் அடக்கம்.

"மாமியார் எண்ணெயைக் கொட்ட விடமாட்டேங்கிறாங்க, என்ன பண்றது?"
கொட்டுவதைப் பற்றிச் சண்டை போடாதீர்கள். சின்னச் சட்டி வாங்குங்கள். மிஞ்சாதபோது சண்டைக்கு இடமே இல்லை. மாத முடிவில் எத்தனை பாக்கெட் குறைந்தது என்று அவர்களிடமே காட்டுங்கள்.

கூட்டத்தில் கலந்து பேச

ஊக்குநர்கள் இந்தப் பாடத்தைக் குழுக் கூட்டத்தில் படித்துக் காட்டி, கீழே உள்ள கேள்விகளைப் பேசுங்கள்.

1. நம் வீட்டில் போன வாரம் ஒரே எண்ணெயை எத்தனை முறை காய்ச்சினோம்?
2. நம் வீட்டுக்கு மாதம் எத்தனை லிட்டர் எண்ணெய் செலவாகிறது? ஆளுக்கு எவ்வளவு வருகிறது?
3. நம் ஊர்க் கடையில் விற்கும் பாக்கெட்டுகளின் அளவும் விலையும் என்ன? 100 கிராமுக்கு எது மலிவு?
4. குழுவாகச் சேர்ந்து எண்ணெய் வாங்கவோ, கடலை ஆட்டவோ முடியுமா?
5. அங்கன்வாடியிலும் பள்ளிச் சத்துணவுக் கூடத்திலும் சமைக்கும் நம் உறுப்பினர்களிடம் இதைச் சொல்லிவிட்டோமா?

பேசி முடித்ததும் ஒரு தீர்மானமாவது தீர்மானப் புத்தகத்தில் எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். ஒரு மாதம் எண்ணெய்ச் செலவைச் சேமிப்புப் பாஸ்புக்கின் கடைசிப் பக்கத்தில் குறித்து வையுங்கள். அடுத்த மாதக் கூட்டத்தில் பிரதிநிதிகள் குழு வாரியாக எவ்வளவு குறைந்தது என்று சொல்ல வேண்டும். குறைந்த ரூபாயைச் சிறப்புச் சேமிப்பாகக் கட்ட முடிந்தால் இன்னும் நல்லது.